குடை பிடித்த மரணம்

ஒருவரைப் பாராட்டி எழுதுவது இவ்வளவு ஆபத்தான வேலை என்று முன்பே தெரிந்திருந்தால் நான் கல்யாண வீடியோவோடு நின்றிருப்பேன். திட்டி எழுதினால் திட்டு வாங்கியவர் நம்மோடு கதைக்கமாட்டார், அவ்வளவுதான். பாராட்டி எழுதினால் அவருடைய மனைவி காலங்காத்தாலே குடையோடு வந்து கடை வாசலில் நிற்கிறார்.

"கதிரவேல் சேரைப் பற்றி எழுதின றிஷானா ஆர்?"

நானும் என் கணவர் ஸாஜிதும் அப்போதுதான் எங்கள் ஸ்டூடியோவின் ஷட்டரைத் தூக்கியிருந்தோம். வந்தவர் எழுபதைத் தொட்ட மெலிந்த அம்மா. வெளுத்துப்போன கறுப்புக் குடை, இறப்பர்ச் செருப்பு, தோளில் ஒரு துணிப்பை, அதற்குள்ளிருந்து எட்டிப் பார்க்கும் சுடுதண்ணிப் போத்தல். பெயர் கோணேஸ்வரி, ஓய்வுபெற்ற ஆசிரியை, இயக்குநர் கதிரவேலின் மனைவி என்று தன்னை அறிமுகப்படுத்திக்கொண்டார். நன்றி சொல்ல வந்திருக்கிறார் என்று நினைத்து, தலையைச் சரித்து வெட்கத்தோடு சிரித்தேன்.

"சிரிக்காதைங்கோ பிள்ளை. எழுதினதை நீங்களே வந்து அழிச்சுத் தாங்கோ."

"என்ன ரீச்சர், ஏதும் பிழையா எழுதிட்டனா?"

"அவருக்கு ரெண்டு கண்ணிலயும் வெள்ளை விழுந்திட்டுது. வாற வியாழக்கிழமை ஒப்பரேசன் எண்டு ஆசுபத்திரியில தேதி தந்திருக்கு. அதுக்கு எவ்வளவு அலைஞ்சனான் தெரியுமோ? இப்ப போகமாட்டாராம். கண் தெளிஞ்சால் கலை போயிடுமாம். நீங்கள்தான் அப்பிடி எழுதியிருக்கிறீங்களாம்."

எனக்கு அந்த வரி உடனே ஞாபகம் வந்தது. வராமல் என்ன, ஒரு வாரம் மினக்கெட்டு எழுதிய வரி. 'தெளிவு என்பது பெரிய பொய். அந்தப் பொய்யைத் துறந்த கண்ணே கதிரவேலின் கண்.' அச்சில் பார்த்தபோது எனக்கே புல்லரித்தது. இப்போது அது கண்புரை என்று தெரிந்தபோது வேறு விதமாகப் புல்லரித்தது.

பின்னால் ஸாஜித் இருமினார். அந்த இருமலுக்கு அர்த்தம் எனக்குத் தெரியும்.

கதையை முதலிலிருந்து சொல்லவேண்டும். கதிரவேல் இளம் வயதில் 'வத்தைக்காரன்' என்று ஒரேயொரு முழுநீளப் படம் எடுத்தவர். அதில் எல்லாமே கத்தி போலத் தெளிவு. ஒவ்வொரு நடிகரின் மூக்குக்கும் கமராவுக்கும் இடையில் தையல்காரர் மாதிரி அளவு நாடா பிடித்து, அந்தத் தூரத்துக்குத்தான் ஃபோகஸ் வைப்பார் என்று பேர். கமரா ஓடும்போது பக்கத்தில் ஒரு நிழல்கூட விழக்கூடாது. படத்துக்குச் செலவழித்த முதலாளியே ஒருநாள் எட்டிப் பார்க்க வந்து, ஏச்சு வாங்கிக்கொண்டு ஓடினாராம். பிறகு முப்பது வருடம் கச்சேரியில், அதாவது மாவட்டச் செயலகத்தில், எழுதுவினைஞராக இருந்தார். ஓய்வு பெற்றதும் ஒரு கமரா வாங்கி, யாரையும் கூட வைத்துக்கொள்ளாமல், தன்னந்தனியாகத் துறைமுகத்தைச் சுற்றி மூன்று படங்கள் எடுத்தார்.

அந்த மூன்றையும் சஞ்சீவன் நூலக மண்டபத்தில் போட்டுக் காட்டினான். சஞ்சீவன் ஒரு சிற்றிதழ் நடத்துகிறவன். பார்க்க வந்தவர்களைவிடக் கதிரைகள் அதிகம். வந்தவர்களிலும் பாதிப் பேர் மின்விசிறிக்காக வந்தவர்கள். ஆனால் நான் அசந்துபோனேன். திரை முழுக்கப் பால் கலந்த வெளிச்சம். வள்ளங்கள் கடலிலிருந்து எழும்புகின்றனவா கரைகின்றனவா என்று தெரியவில்லை. பஸ் நிலையத்தடியில் பழுப்பாக ஏதோ ஒன்று சுவரொட்டியைத் தின்கிறது. எங்கள் ஊர்த் தெருக்களில் திரியும் மான்தான், ஆனால் யாரோ ஊரைவிட்டுப் போகிறவர் குனிந்து எதையோ தேடுவது போலிருந்தது. மூன்று படத்திலும், கிட்டத்தட்ட எல்லாக் காட்சியிலும், தண்ணீரின் விளிம்பில் குடை பிடித்தபடி ஓர் ஒல்லியான உருவம். அசைவதில்லை, போவதில்லை. எனக்கு மயிர்க்கூச்செறிந்தது.

"ஃபோகஸ் அவுட்," என்றார் ஸாஜித் என் காதுக்குள்.

"வாயப் பொத்திக்கிட்டு இரிங்க," என்றேன். "மாப்பிள்ளை மோதிரம் போடுறதை மூணு பக்கத்தால எடுக்கிற ஆக்களுக்கு இது விளங்கா."

வீட்டுக்குப் போய் எழுதத் தொடங்கினேன். மங்கலைப் பற்றி ஒரு பக்கம். சீனன்குடாவின் எண்ணெய்த் தாங்கிகளை அக்கரையிலிருந்து வெறும் சாம்பல் உருண்டைகளாகக் காட்டியதில் உள்ள அரசியலைப் பற்றி ஒரு பக்கம். குடை உருவத்தைப் பற்றி மட்டும் ஒன்றரைப் பக்கம். 'அது மரணம். கலைஞனின் முதுமையில் அவன் எங்கு திரும்பினாலும் எதிரே வந்து நிற்கும் மரணம். பொறுமையாக, குடை பிடித்து, அவனுக்காகக் காத்திருக்கிறது.' சஞ்சீவன் ஒரு எழுத்தும் மாற்றாமல் போட்டான். தவளை தன் வாயால் கெடும் என்பார்கள். நான் பேனையால் கெட்டேன்.

ரீச்சர் கதிரையில் இருந்து, ஸாஜித் கொடுத்த தேத்தண்ணியைக் குடித்தபடி மிச்சத்தைச் சொன்னார்.

"அவரால வாசிக்க ஏலாது. நான்தான் வாசிச்சுக் காட்டினனான். ஒருக்கா வாசிச்சாப் போதாதோ? தினமும் விடிய எழும்பித் தேவாரம் மாதிரி வாசிக்கோணும். நேற்று அலுமாரியைப் பார்த்து 'வாங்கோ, இருங்கோ' எண்டவர். அதுகூடப் பரவாயில்லை. கமராவைத் தூக்கிக்கொண்டு இறங்குதுறைப் பக்கம் போறாரே, அதுதான் எனக்குப் பயம். ஒரு கண் நல்லா முத்திப்போச்சு, இனியும் விட்டால் கஷ்டம் எண்டு டொக்டர் சொல்லிட்டார். இந்த வியாழனை விட்டால் பிறகு எப்ப கூப்பிடுவினமோ." கோப்பையை வைத்துவிட்டு என்னை நேராகப் பார்த்தார். "உங்கட எழுத்தை விட அவரின்ரை கண் எனக்குப் பெரிசு பிள்ளை. குறை நினைக்காதைங்கோ."

குறை நினைக்க என்ன இருக்கிறது. வேலியில் போன ஓணானைப் பிடித்து மடியில் விட்டுக்கொண்டவள் நான். ஸாஜிதைக் கடையில் விட்டுவிட்டு ரீச்சரோடு ஓட்டோவில் ஏறினேன்.

ஓர்ஸ் ஹில்லில் அவர்களுடைய வீட்டு விறாந்தையில் கதிரவேல் சேர் துறைமுகத்தைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார். பார்த்தபடி என்பது ஒரு பேச்சுக்கு. அந்தப் பக்கம் முகத்தைத் திருப்பிவைத்திருந்தார். நல்ல உயரம், வெள்ளைத் தாடி, சட்டைப் பொத்தான் ஒரு ஓட்டை தள்ளிப் பூட்டியிருந்தது.

"சேர், நான் றிஷானா."

அவர் எழும்பி, எனக்கு அரை அடி இடப்பக்கத்தில் இருந்த பூச்சட்டியைப் பார்த்துக் கைகூப்பினார். "பிள்ளை, நீங்கள் வந்தது எனக்கு எவ்வளவு சந்தோசம் தெரியுமோ?"

நான் மெதுவாகப் பூச்சட்டிக்கு முன்னால் நகர்ந்து நின்றேன். அதுவரைக்கும் எனக்கு இருந்த வெட்கம் அந்த இடத்தில் துக்கமாக மாறியது. ஆனாலும் வந்த காரியம் ஆகவேண்டும்.

"சேர், உண்மையச் செல்லணும். உங்கட படம் மூணும் ஃபோகஸ் இல்ல."

"ஓம்," என்றார் பூரிப்போடு. "'ஃபோகஸ் என்பது உலகத்தைச் சொந்தமாக்கத் துடிக்கும் பேராசை.' இரண்டாம் பக்கம், மேலிருந்து மூண்டாவது வரி."

"அது... நான் கொஞ்சம் கூட்டி எழுதினது சேர்."

"'மிகை என்று தோன்றுவது உண்மையின் நிழலே.' இதுவும் நீங்கள் எழுதினதுதான்."

என்னுடைய வசனத்தாலேயே என்னை அடித்தார். நான் எந்தப் பக்கம் போனாலும் என் கட்டுரை முன்னால் வந்து நின்றது. கண்ணில் நோய் இருக்கிறது சேர் என்றேன். 'நோய்மையும் ஒரு பார்வைக் கோணமே' என்றார். அதை எழுதியது நானா என்று எனக்கே சந்தேகம், ஆனால் ரீச்சர் பின்னாலிருந்து தலையாட்டினார், நான்தான்.

"சீனன்குடாப் பக்கம் எடுக்கேக்கை காவலுக்கு நிண்ட பொடியன் கமராவை வாங்கிப் பார்த்தவன்," என்றார் சேர். "முன்னால பின்னால ஓட்டி ஓட்டிப் பார்த்திட்டு, 'மாத்தையா, இதில ஒண்டுமே தெரியேல்லையே' எண்டு சிரிச்சுக்கொண்டு திருப்பித் தந்திட்டான். அண்டைக்கு எனக்கு விளங்கேல்லை. நீங்கள் எழுதின பிறகுதான் விளங்கினது, அது எதிர்ப்பு எண்டு."

"சேர், கமராவில தானா ஃபோகஸ் எடுக்கிற வசதி இரிக்கே. அதயாவது போட்டிருக்கலாமே?"

"கமரா தானாப் பார்க்கிறதெண்டால் நான் என்னத்துக்கு?"

நானும் அப்படித்தான் எழுதியிருந்தேன்.

பிறகு அவர் குரலை இறக்கினார். அதுவரை விளையாட்டாகத்தான் இருந்தது.

"பிள்ளை, 'வத்தைக்காரன்' வந்து முப்பது வருசத்துக்கு மேல. அதுக்குப் பிறகு என்னை ஒருத்தரும் இயக்குநர் எண்டு கூப்பிடேல்லை. கச்சேரிக் கதிரவேல் எண்டுதான் சொல்லுறவை. இந்தக் கண்ணால எடுத்த படத்தைத்தான் நீங்கள் நல்லது எண்டு எழுதினீங்கள். இந்தக் கண்ணை மாத்திப்போட்டு நான் என்னத்தை எடுக்கிறது? திரும்பவும் கச்சேரிக்கோ போறது?"

பாராட்டு என்றால் எழுதுகிறவருக்குப் பத்து நாள் வேலை, வாங்குகிறவருக்கு அது முப்பது வருடத்துச் சாப்பாடு. அதைக் கையிலிருந்து பறிக்கிற கொடுமையைச் செய்ய எனக்கு மனம் வரவில்லை. ரீச்சரைப் பார்த்தேன். அவர் தூணைப் பிடித்தபடி நின்றார். அவருடைய முகத்தைப் பார்த்ததும் சும்மா திரும்பிப் போகவும் மனம் வரவில்லை.

அப்போதுதான் எனக்குள் இருந்த படமெடுப்பவள் முழித்துக்கொண்டாள். நான்கு பேர் பாராட்டி ஒருவர் குறை சொன்னால் எனக்கு அந்த ஒருவருடைய முகம்தான் நித்திரையில் வரும். எனக்கு இருக்கிற குணம் அவருக்கு இல்லாமல் போகுமா?

"சேர்," என்றேன், "கட்டுரை முழுசும் கேட்டீங்களா?"

"எனக்குப் பாடம்."

"குறை சொல்லி எழுதின பந்தியும்?"

தேத்தண்ணி எடுக்க உள்ளே போயிருந்த ரீச்சரின் கையிலிருந்த தட்டம் நிலத்தில் விழுந்து சுற்றிச் சுற்றி நின்றது.

"என்ன குறை?" என்றார் சேர்.

"ஒரு பந்தி இரிக்கி சேர். அத ரீச்சர் வாசிக்காம விட்டிருப்பாங்க, உங்கட மனசு நோகும் எண்டு." பச்சைப் பொய். கட்டுரையில் குறை என்று ஒரு கமாகூடக் கிடையாது.

"கோணேசு!"

ரீச்சர் வாசலுக்கு வந்தார். முகம் வெளிறியிருந்தது. நான் அவருக்குக் கண்ணைக் காட்டினேன். அவர் என் கண்ணைப் பார்க்கவில்லை.

"ஓம்," என்றார். "ஒரு பந்தியை விட்டனான்."

"வாசியும்."

"வாசிக்கமாட்டன்."

"பிள்ளை, நீங்கள் வாசியுங்கோ."

"எழுதினதை வாயால செல்ல எனக்கு ஏலா சேர். நீங்களே உங்கட கண்ணால வாசிச்சுக்கங்க." இதைச் சொல்லிவிட்டு, நடிப்பில் இவ்வளவு கெட்டிக்காரியாக இருக்கும் ரீச்சரைப் பாராட்டுவதற்காகக் குசினிக்குள் போனேன்.

ரீச்சர் அடுப்படியில் நின்று என் கையை இறுக்கிப் பிடித்தார். "நான் விட்டது உங்களுக்கு எப்பிடிப் பிள்ளை தெரியும்?"

"என்னத்த ரீச்சர்? நான் சும்மா அடிச்சுவிட்டன்."

"நான் உண்மையாவே விட்டனான். ஒன்றரைப் பக்கம்." அவர் வாசல் பக்கம் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "அந்தக் குடைக்காரி."

எனக்கு அப்போதும் விளங்கவில்லை. ரீச்சர் கதவு மூலையைக் காட்டினார். அங்கே அந்த வெளுத்த கறுப்புக் குடை சாய்ந்திருந்தது. அதற்குப் பக்கத்தில் இறப்பர்ச் செருப்பு.

"யா அல்லாஹ்," என்றேன். "ரீச்சர்... நீங்களா?"

"பின்னை? படம் எடுக்கேக்கை பக்கத்தில ஆரும் நிக்கக்கூடாது எண்டுறது அவரின்ரை சட்டம். நான் வாறன் எண்டு தெரிஞ்சால் எனக்கும் சொல்லாமல் வேற எங்கையும் போயிடுவார். அதால கோயிலுக்குப் போறன் எண்டு சொல்லிப்போட்டு, அவருக்கு முதலே போய்க் கரையில நிப்பன். வெயிலுக்குக் குடை, தாகத்துக்குப் போத்தலில தேத்தண்ணி. அவருக்குத்தான் ஒண்டும் தெரியாதே."

"ஆனா ஏன் முன்னால நிண்டீங்க? பின்னால நிண்டிருக்கலாமே?"

ரீச்சர் என்னைக் கணக்குப் பிழைவிட்ட மாணவியைப் பார்ப்பது போலப் பார்த்தார். "பின்னால நிண்டால் விழுந்த பிறகுதானே பிள்ளை பிடிக்கலாம். கடல் முன்னால எல்லோ இருக்கு."

நான் அடுப்படியில் இருந்த பலகையில் உட்கார்ந்துவிட்டேன். என் ஒன்றரைப் பக்கமும் கண் முன்னால் ஓடியது. பொறுமையாக, குடை பிடித்து, அவனுக்காகக் காத்திருக்கிறது. இவரைப் பார்த்தா எழுதினேன் அதை!

"ரீச்சர், மன்னிச்சிருங்க. நான் உங்களப் போய் மௌத்து எண்டு..."

"ஓம், வாசிச்சனான். நல்ல தமிழ்," என்றார் ரீச்சர். "ஆனால் சாவு ஏன் இறப்பர்ச் செருப்போட வந்திருக்கு எண்டு நீங்கள் ஒருக்கா யோசிச்சிருக்கலாம்."

சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது எனக்கு. ரீச்சர் முந்தானையைத் தந்து துடைக்கச் சொன்னார்.

"கண் தெரிஞ்சா அவர் படத்தப் பாப்பாரே ரீச்சர். நீங்க நிக்கிறது தெரிஞ்சிருமே."

"தெரியட்டும். ஏசட்டும்." ரீச்சர் அடுப்பைத் தணித்தார். "கண் தெரிஞ்சு ஏசட்டும்."

அடுத்த மூன்று நாளும் கதிரவேல் சேர் பட்ட பாட்டை நான் பிறகு துண்டு துண்டாகக் கேட்டறிந்தேன். ரீச்சர் அந்த இதழை அலுமாரிக்குள் வைத்துப் பூட்டித் திறப்பைத் தாலிக்கொடியில் கொளுவிக்கொண்டார். வேறு ஒரு பிரதி வாங்கி வாசித்துக் காட்டச் சொல்லிச் சேர் ஓட்டோக்காரரிடம் கேட்டார்; அவருக்குச் சிங்களம்தான் வாசிக்க வருமாம். எங்கள் கடைக்குத் தொலைபேசி எடுத்தார். ஸாஜிதிடம் நான் ஏற்கனவே சொல்லிவைத்திருந்தேன்.

"தம்பி, என்ரை படத்தைப் பற்றி உங்கட மனிசி என்ன குறை எழுதியிருக்கிறா?"

"எனக்கு அதெல்லாம் விளங்கா சேர். நான் மோதிரம் போடுறத மூணு பக்கத்தால எடுக்கிற ஆள்," என்றார் ஸாஜித். என்னைப் பழிவாங்க அவருக்கு இதைவிட நல்ல சந்தர்ப்பம் கிடைக்காது.

கடைசியில் சேர் பத்திரிகை ஆசிரியர் சஞ்சீவனையே பிடித்தார். சஞ்சீவன் நெளிந்தானாம். குறை இருக்கிறதா இல்லையா என்று ஒரு வார்த்தை சொல் என்று சேர் வற்புறுத்த, அவன் உண்மையைக் கக்கிவிட்டான். "சேர், குறை நினைக்காதைங்கோ. நான் அதை இன்னும் வாசிக்கேல்லை." ஒரு எழுத்தும் மாற்றாமல் அவன் போட்டதன் மர்மம் எனக்கு அன்றுதான் துலங்கியது. அவனோடு நான் இன்றுவரை கதைப்பதில்லை.

புதன்கிழமை பின்னேரம் சேர் ரீச்சரைக் கூப்பிட்டாராம். "வாசிக்கிறதுக்கு ஒரு கண் போதும்தானே?"

"போதும்."

"அப்ப நாளைக்கு ஒண்டைச் செய்யட்டும்."

ஒரு மனிதனை வைத்தியசாலைக்கு அனுப்ப மனைவியின் கண்ணீரால் ஏலவில்லை, டொக்டரின் எச்சரிக்கையால் ஏலவில்லை, எழுதப்படாத ஒரு வசை அனுப்பியது. படமெடுக்கிற சாதியைப் பற்றி இதற்குமேல் நான் எதுவும் சொல்லத் தேவையில்லை.

ஒப்பரேசன் நல்லபடியாக முடிந்தது. கொஞ்ச நாள் கழித்து என்னை வரச் சொல்லி ஆள் வந்தது. பயந்துகொண்டே போனேன். பொய் சொல்லி ஒரு முதியவரின் கண்ணைத் திறந்திருக்கிறேன். திறந்த கண்ணால் அவர் முதலில் பார்க்கப்போவது அந்தப் பொய்யைத்தான்.

கதிரவேல் சேர் கறுப்புக் கண்ணாடியோடு இருந்தார். சட்டைப் பொத்தான்கள் சரியாகப் பூட்டியிருந்தன. மடியில் அந்தச் சிற்றிதழ், மேசையில் மடிக்கணினி. இந்த முறை பூச்சட்டியை விட்டு நேராக என்னைப் பார்த்தார்.

"நீங்கள் இவ்வளவு சின்னப் பிள்ளை எண்டு நான் நினைக்கேல்லை," என்றார். "இருங்கோ. கோணேசு, நீரும் இரும்."

ரீச்சர் இருக்கவில்லை. தூணைப் பிடித்தபடி நின்றார்.

"முழுக்க ரெண்டு தரம் வாசிச்சன். குறை எண்டு ஒண்டும் இல்லை."

"இல்ல சேர்," என்றேன். "பொய் சென்னன். மன்னிக்கணும்."

"ஆனால் நான் கேக்காத ஒன்றரைப் பக்கம் இருக்கு." அவர் பக்கத்தைப் புரட்டினார். "'குடை பிடித்த மரணம்.' இதை வாசிச்ச பிறகுதான் படத்தைப் போட்டுப் பார்த்தனான்."

மடிக்கணினியில் முதல் படம் நின்றுகொண்டிருந்தது. உள்துறைமுகம், பால் வெளிச்சம், கரையில் அந்த ஒல்லியான உருவம். சேர் விரலை அதன்மேல் வைத்தார்.

"கோணேசு, நீர் கோயிலுக்குப் போறன் எண்டெல்லோ சொன்னனீர்?"

"போனனான். வாற வழியில கொஞ்ச நேரம் நிண்டனான்."

"மூண்டு படம் முழுக்கவோ?"

ஏச்சு வரப்போகிறது என்று நினைத்தேன். செலவழித்த முதலாளியையே ஏசி விரட்டியவர்.

"நான் இதைக் கம்பம் எண்டு நினைச்சனான்," என்றார் சேர். "விளக்குக் கம்பம். ஊர் முழுக்க இவ்வளவு கம்பம் எப்ப நட்டவங்கள், நான் எங்கை போனாலும் ஒண்டு நிக்குதே எண்டு எனக்கு ஒரே அதிசயம். மிச்சமெல்லாம் கலங்கித் தெரியும். வள்ளம் அசையும், தண்ணி அசையும், எது எங்கை எண்டு பிடிபடாது. அசையாமல் நிண்டது அது ஒண்டுதான். எங்கை போனாலும் முதல்ல அந்தக் கம்பத்தைத் தேடுவன். அதை வச்சுத்தான் ஒவ்வொரு ஷொட்டையும் கட்டினனான்."

அவர் கண்ணாடியைக் கழற்றினார். கழற்றக்கூடாது என்று ரீச்சர் ஒரு அடி எடுத்து வைத்தார். சேர் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். எவ்வளவு நேரம் என்று நான் பார்க்கவில்லை, நான் பூச்சட்டியைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"எவ்வளவு மெலிஞ்சு போனீர்," என்றார் கடைசியில்.

"வெயில்ல நிண்டால் மெலியும்தானே," என்றார் ரீச்சர்.

சேர் என் பக்கம் திரும்பினார். கண் கலங்கியிருந்தது, ஆனால் இந்த முறை அது புரையில்லை. சிற்றிதழைத் தூக்கிக் காட்டினார். "என்னைப் பிடிச்சுவைக்க நிண்ட மனிசியைப் போய் இந்தப் பிள்ளை சாவெண்டு எழுதியிருக்கிறா. முதல்ல இவவையெல்லோ கண் டொக்டரிட்டைக் கூட்டிக்கொண்டு போகோணும்!"

ரீச்சர் சிரித்தார். நானும் சிரித்தேன். எனக்கு வந்த விமர்சனங்களிலேயே மிக நேர்மையானது அதுதான்.

இரண்டாவது கண்ணும் தெளிந்த பிறகு அவர் நான்காவது படத்தைத் தொடங்கினார். பெயர் 'கம்பம்'. தலைப்பு ரீச்சருக்குக் கொஞ்சமும் பிடிக்கவில்லை. உதவிக்கு வரச் சொல்லிச் சேர் என்னைக் கேட்டார்; இயக்குநர் கதிரவேல் கேட்கிறார் என்று சொல்லித்தான் கேட்டார். அனுமதியெல்லாம் எடுத்துக்கொண்டு ஒரு காலையில் உள்துறைமுகக் கரைக்குப் போனோம். ரீச்சர் வழக்கமான இடத்தில், குடையோடும் போத்தலோடும், கடலுக்கு முதுகைக் காட்டி நின்றார். இந்த முறை களவாக இல்லை.

"பிள்ளை, கமராவைப் பாருங்கோ," என்று சொல்லிவிட்டுச் சேர் பையிலிருந்து பழைய அளவு நாடாவை எடுத்தார். ஒரு முனையை என்னிடம் தந்து லென்ஸோடு பிடிக்கச் சொன்னார். மறுமுனையை எடுத்துக்கொண்டு ரீச்சரை நோக்கி நடந்தார். கல்லையும் கயிற்றையும் பார்த்துப் பார்த்துத் தாண்டினார். நாடாவை ரீச்சரின் மூக்கு நுனியில் வைத்தார்.

"என்ன விளையாட்டு இது, ஆக்கள் பாக்கினம்," என்றார் ரீச்சர்.

"அசையாதையும். இவ்வளவு நாளும் நிண்ட மாதிரி நில்லும்."

அவர் அளவைக் கத்திச் சொன்னார். நான் ஃபோகஸைத் திருப்பினேன். ரீச்சரின் முகம், குடைக் கம்பி, செருப்பின் வார் எல்லாம் கத்தி போல வந்தன. நாடாவை விட்டுவிட்டுச் சேர் திரும்பி வருவார் என்று பார்த்தேன். வரவில்லை. ரீச்சரைச் சுற்றிக்கொண்டு போய், அவருக்கும் தண்ணீருக்கும் நடுவில், கரையின் விளிம்பில் நின்றார்.

"சேர்," என்று கத்தினேன், "நீங்க ஃபிறேமுக்குள்ள நிக்கிறீங்க!"

"தெரியும் பிள்ளை," என்றார். "எடுங்கோ."